சாமி கண்ணைக் குத்துமா?

குன்னூர் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டம். லைன் வீடு. கொழுந்து பறித்துவிட்டு அம்மா அப்போதுதான் வந்திருந்தாள். மகனுக்கு எட்டு வயது. கடைக்குப் போய்ச் சீரகம் வாங்கி வந்தான். மீதிச் சில்லறையில் ஐந்து ரூபாய் குறைந்தது.

"மீதி எங்கேடா?"

"கடைக்கார மாமா தரலைம்மா."

"பொய் சொன்னா சாமி கண்ணைக் குத்தும்!"

"நிஜமாத்தாம்மா! அவரு தரலை."

அன்று இரவு பையன் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு படுத்தான். காலையில் பயந்து பயந்து திறந்தான். இரண்டு கண்களும் நன்றாகவே இருந்தன.

அவன் என்ன பாடம் படித்தான்? பொய் சொல்லக் கூடாது என்றா? இல்லை. பொய் சொன்னாலும் சாமி குத்தாது என்று!

நம் வீடுகளில் நடப்பது இதுதான். சாமியைப் போலீஸ்காரர் ஆக்கி வைத்திருக்கிறோம். அந்தப் போலீஸ்காரர் வரமாட்டார் என்று தெரிந்த அன்றே பிள்ளைக்குப் பயம் போய்விடுகிறது. பயத்தோடு ஒழுக்கமும் போய்விடுகிறது.

இந்த விஷயத்தை ஆழமாக யோசித்தவர் ஒருவர் இருந்தார். அவர் பெயர் ரூசோ. 1712-ல் ஜெனீவா நகரில் பிறந்தவர். கடிகாரம் செய்பவரின் மகன். பிறந்த சில நாளில் தாயை இழந்தவர். பின்னாளில் பெரிய தத்துவ ஞானி என்று பெயர் எடுத்தார்.

ரிப்பன் திருட்டு

ரூசோவுக்கு அப்போது 16 வயது. இத்தாலியில் தூரின் என்ற நகரில் ஒரு பணக்கார அம்மாள் வீட்டில் வேலைக்காரனாக இருந்தார். அந்த அம்மாள் இறந்துபோனார். வீட்டுச் சாமான்களைக் கணக்கெடுத்தார்கள். ஒரு பழைய ரிப்பனைக் காணோம். தேடினார்கள். ரூசோவிடம் இருந்தது!

"யார் கொடுத்தது?" என்று கேட்டார்கள்.

"மரியோன் கொடுத்தாள்" என்றார் ரூசோ.

மரியோன் அந்த வீட்டுச் சமையல்காரப் பெண். ஒரு பாவமும் அறியாதவள். எல்லோர் முன்னிலையிலும் அவள் அழுதாள். ரூசோ மனம் இளகவில்லை. சொன்ன பொய்யையே திரும்பத் திரும்பச் சொன்னார். இரண்டு பேருக்கும் வேலை போயிற்று.

எந்தச் சாமியும் ரூசோவின் கண்ணைக் குத்தவில்லை. யாரும் அவரைச் சிறையில் தள்ளவில்லை. ஆனால் 40 ஆண்டுகள் அந்தப் பெண்ணின் முகம் அவரைத் தூங்கவிடவில்லை. திருட்டுப் பட்டம் சுமந்த ஏழைப் பெண்ணுக்கு வேறு யார் வேலை கொடுத்திருப்பார்கள்? இந்த வேதனையைத் தம் வாழ்க்கை வரலாற்றில் அவரே எழுதி வைத்தார்.

அந்த வேதனைக்குப் பெயர்தான் மனசாட்சி. கடவுள் மனிதனுக்குள் வைத்த குரல் அது என்றார் ரூசோ.

புத்தகத்துக்குத் தீ

ரூசோ நாத்திகர் அல்லர். 1762-ல் 'எமீல்' என்ற நூலை வெளியிட்டார். பிள்ளை வளர்ப்பைப் பற்றிய நூல். அதில் ஒரு பாதிரியார் வருகிறார். விடியற்காலையில் ஓர் இளைஞனை மலை மேல் அழைத்துப் போகிறார். கீழே ஆறு ஓடுகிறது. தூரத்தில் பனிமலை தெரிகிறது. அங்கே நின்றுகொண்டு கடவுளைப் பற்றிப் பேசுகிறார். தொட்டபெட்டாவில் சூரியன் உதிப்பதைப் பார்த்தவர்களுக்கு அந்த இடம் ஏன் என்று சொல்ல வேண்டியதில்லை.

உலகம் ஓர் ஒழுங்கோடு இயங்குகிறது. அதை இயக்கும் அறிவு ஒன்று இருக்கிறது என்கிறார் பாதிரியார். ஆனால் என் மதத்தில் சேராதவனுக்கு நரகம் என்று சொல்வதை அவர் ஒப்பவில்லை. எங்கோ ஒரு மூலையில், நம் வேதத்தின் பெயரையே கேளாத ஒரு நல்ல கிழவர் இருக்கிறார். அவரைக் கடவுள் தண்டிப்பாரா என்று கேட்கிறார்.

நம் நீலகிரியையே எடுத்துக்கொள்ளுங்கள். தோடர்களுக்கு எருமை புனிதம். பால் கறந்து வைக்கும் இடமே அவர்களுக்குக் கோயில். அதற்காகக் கடவுள் அவர்களைக் கோபிப்பாரா?

இப்படிக் கேட்டதற்குக் கிடைத்த பரிசு என்ன? பாரிசில் புத்தகத்தைக் கொளுத்தினார்கள். பிறந்த ஊரான ஜெனீவாவிலும் கொளுத்தினார்கள். ரூசோ ஓடி ஒளிந்தார். 1765-ல் மோத்தியே என்ற மலையூரில் அவர் வீட்டின் மேல் கல் எறிந்தார்கள். மத அன்பர்கள் செய்த காரியம்!

கோயிலில் கண்ணாடி

ஊட்டியை அடுத்த பெர்ன்ஹில்லில் நாராயண குருகுலம் இருக்கிறது. நீலகிரியில் 1923-ல் இந்தக் குருகுலத்தைத் தொடங்கியவர் நடராஜ குரு. பிறகு அவர் ரூசோவின் ஜெனீவா ஏரிக் கரைக்கே போய்ப் பள்ளி ஆசிரியராக இருந்தார். பாரிசில் படித்து டாக்டர் பட்டமும் பெற்றார்.

அவருடைய குரு கேரளத்து ஸ்ரீ நாராயண குரு. தாழ்த்தி வைக்கப்பட்ட ஈழவ குலத்தில் பிறந்தவர். 1888-ல் அருவிப்புரத்தில் தம் கையாலேயே சிவனைப் பிரதிஷ்டை செய்தார். 1927-ல் சேர்த்தலை அருகே களவங்கோட்டில் இன்னும் பெரிய அதிசயம் செய்தார். கருவறையில் கண்ணாடியை வைத்தார்! கும்பிடப் போனவர் தம் முகத்தையே பார்த்தார். ரூசோ பக்கம் பக்கமாக எழுதியதை நாராயண குரு ஒரு கண்ணாடியில் காட்டிவிட்டார் என்பேன்.

ரூசோ சொன்னதெல்லாம் சரி என்று நான் சொல்லமாட்டேன். 15 வயது ஆகும் வரை பிள்ளையிடம் கடவுள் பேச்சே வேண்டாம் என்றார். நம் ஊரில் அது நடக்குமா? மாரியம்மன் தேர் வரும்போது பிள்ளையை வீட்டுக்குள் பூட்ட முடியுமா? நாட்டின் பொது நம்பிக்கையை ஏற்காதவரை நாடு கடத்தலாம் என்றும் ஓரிடத்தில் எழுதினார். கல்லடிக்கு ஆளானவரே இப்படி எழுதலாமா? பிள்ளை வளர்க்க நூல் எழுதியவர், தாம் பெற்ற 5 குழந்தைகளையும் அனாதை விடுதியில் விட்டார். இதைப் படிக்கும் தாய்மார்கள் கோபப்படுவார்கள். கோபப்படட்டும். ரூசோவும் பிற்காலத்தில் அதை எண்ணி வருந்தினார்.

பிள்ளை கோயிலுக்குப் போகட்டும். மாதா கோயிலுக்குப் போகட்டும். பள்ளிவாசலுக்குப் போகட்டும். சாமியிடம் அன்பு வளரட்டும். "கண்ணைக் குத்தும்" என்பதை மட்டும் விட்டுவிடுவோம். பொய்யால் யாருக்கு வலிக்கிறது என்பதைப் பிள்ளைக்குக் காட்டுவோம்.

குன்னூர்ப் பையனின் அம்மா அதைத்தான் செய்தாள். மறுநாள் ஐந்து ரூபாய் கேட்டுக் கடைக்காரரோடு சண்டைக்கே போய்விட்டாள். அவர் கோபப்படவில்லை. "நான் கொடுத்தேனேம்மா" என்று மட்டும் சொன்னார். அவர் முகம் வாடிவிட்டது. அம்மாவுக்கு விஷயம் புரிந்தது. வீட்டுக்கு வந்தாள். அடிக்கவில்லை. சாமியையும் கூப்பிடவில்லை.

"வாடா. நீ சொன்ன பொய்யால அந்த மாமாவுக்குத் திருட்டுப் பட்டம் வந்துச்சு. அவரு முகத்தைப் பார்த்து நீயே சொல்லு" என்று கூட்டிப் போனாள்.

கடை வாசலில் பையன் நின்றான். கண் இரண்டும் நன்றாகத்தான் இருந்தன. ஆனால் அவனால் தலை நிமிர்ந்து கடைக்காரரைப் பார்க்க முடியவில்லை.