சரித்திரம் மனப்பாடப் பாடந்தானா?

(பத்தாம் வகுப்பு மாணவி)

"பத்தாவது முடித்ததும் வரலாற்றுப் பிரிவில் சேரப் போகிறேன்" என்று நான் சொன்ன அன்று எங்கள் வீட்டில் ஒரு புயலே அடித்தது. "நல்ல மார்க்கு வாங்குகிற பெண், செத்துப்போன ராஜாக்களைப் படித்து என்ன செய்யப் போகிறாய்?" என்று கேட்டார் பெரியப்பா. அப்பா ஒன்றும் பேசவில்லை. எனக்கும் அன்று பதில் தெரியவில்லை. இன்று ஒரு குருவானவரின் வாழ்க்கையைக் கொண்டு பதில் கூற விழைகிறேன்.

ஸ்பெயின் தேசத்துப் பார்சிலோனாவில் 1888-ஆம் ஆண்டு பிறந்தவர் அருட்தந்தை ஹென்றி ஹெராஸ். இயேசு சபைத் துறவியான அவர், 1922-இல் பம்பாய் தூய சவேரியார் கல்லூரிக்கு வரலாற்று ஆசிரியராக வந்தார். பாடப் புத்தகத்தை ஒப்பிப்பதோடு அவர் நிற்கவில்லை. 1926-இல் அங்கே ஓர் ஆராய்ச்சி நிலையத்தை நிறுவி, நாணயங்களையும் சிற்பங்களையும் பழஞ்சுவடிகளையும் திரட்டினார். விஜயநகரத்தின் ஆரவீடு வமிசத்தைப் பற்றி 1927-இல் நூல் வெளியிட்டார். நாம் சுற்றுலா சென்று படம் பிடித்துக்கொண்டு திரும்பும் மாமல்லபுரம் இருக்கிறதல்லவா? அதைச் செதுக்குவித்த பல்லவர்களைப் பற்றி 1933-இல் எழுதினார்.

சிந்துவெளி முத்திரைகளில் மீன் வடிவம் அடிக்கடி வருகிறது. நீரில் நீந்துவதும் மீன், வானில் மின்னுவதும் மீன் என்பது தமிழ்க் குழந்தைக்கும் தெரியும். ஆகவே அம்முத்திரைகளின் மொழி திராவிட மொழியே என்றும், மீனை வரைந்து விண்மீனைக் குறித்தார்கள் என்றும் கருதினார் இந்த ஸ்பானியக் குரு! அவர் படித்துக் காட்டியவற்றுள் பல இன்று ஏற்கப்படவில்லை. அந்த எழுத்து இன்னும் புதிராகவே உள்ளது. ஆனால் அவருடைய மீன் கருத்தைப் பின்லாந்து அறிஞர் அஸ்கோ பர்ப்போலா தொடர்ந்து ஆராய்ந்தார். 2025 ஜனவரியில் நமது தமிழக அரசு, அந்த எழுத்தைப் படித்துக் காட்டுவோருக்குப் பத்து லட்சம் டாலர் பரிசு அறிவித்தது. ஹெராஸ் அடிகளார் 1955-இல் இறந்துவிட்டார். அவர் எழுப்பிய கேள்வி இறக்கவில்லை.

தோழியரே, நம் அசோக் நகர்த் தூணின் நான்கு சிங்கங்களைத் தினமும் கடந்து பள்ளிக்கு வருகிறோம். 1837-இல் ஜேம்ஸ் பிரின்செப் பிராமி எழுத்தைப் படித்திராவிட்டால், அசோகர் கல்லில் வெட்டிய சொற்கள் நமக்கு வெறும் கீறல்களே. யாரோ ஒருவர் பொறுமையாய் உட்கார்ந்து படித்ததால்தான் செத்துப்போன ராஜா நம்மோடு பேசுகிறார்.

ஆண்டுகளை மனப்பாடம் செய்து, தேர்வு முடிந்ததும் மறப்பது சரித்திரம் அன்று. தடயம் தேடுவதும், தவறினாலும் துணிந்து கேட்பதுமே சரித்திரம். கணக்கும் விஞ்ஞானமும் உயர்ந்தவையே. ஆனால் மார்க்கு குறைந்தவர்களுக்கென்று ஒதுக்கி வைத்த பாடமாக வரலாற்றை எண்ணுவது சரியா? பெற்றோர்கள் சிந்திக்க வேண்டும்.

அப்பா இன்னும் ஒன்றும் சொல்லவில்லை. இந்த ஆண்டு மலர் கைக்கு வந்ததும், முதலில் இந்தப் பக்கத்தைப் பெரியப்பாவிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லப் போகிறேன்.