கருப்புதுரையின் பசி

மூன்று மாதங்களாக நினைவிழந்து கிடந்த எண்பது வயதுக் கிழவர் ஒருவர், தாம் பெற்ற மக்களே ஒன்றுகூடித் தமக்குத் தலைக்கூத்தல் நடத்த யோசனை செய்துகொண்டிருக்கும் சமயத்தில் எவரும் எதிர்பாராமல் கண்விழித்து, அந்தப் பேச்சைத் தம் காதாலேயே கேட்டுவிட்டு, வீட்டை விட்டு ஓடிப்போகிறார். மதுமிதா இயக்கி 2019-இல் வெளிவந்த 'கே.டி. (எ) கருப்புதுரை' இப்படித்தான் ஆரம்பிக்கிறது. இது ஒரு ஹாஸ்யப் படம். ஹாஸ்யமாக இருப்பதனாலேயே விஷயத்தின் பயங்கரம் முழுமையாக நம்மை வந்து தாக்குகிறது என்பது என் அபிப்பிராயம்.

விருதுநகர் வட்டாரத்திலும் அதை அடுத்த தென் மாவட்டங்களிலும் வழங்கிவந்த தலைக்கூத்தல் என்னும் இந்தப் பழக்கத்தில், படுத்த படுக்கையான முதியவருக்கு விடியற்காலையில் தலை நிறைய எண்ணெய் தேய்த்து, குளிர்ந்த நீரில் குளிப்பாட்டி, இளநீரை மேன்மேலும் புகட்டுவார்கள். ஜுரமோ ஜன்னியோ கண்டு, ஓரிரு நாளில் உயிர் அடங்கிவிடும். சட்டத்தின் முன் அது கொலையே. எண்ணெய் ஸ்நானமும் இளநீரும் பச்சைக் குழந்தைக்குத் தாய் செய்யும் உபசாரங்கள் அல்லவா? அவற்றைக் கொண்டே ஓர் உயிரை வழியனுப்புகிறார்கள் என்பதுதான் நெஞ்சைக் குலுக்குகிறது. 2018-ஆம் ஆண்டின் சிறந்த தமிழ்ப் படமாகத் தேசிய விருது பெற்ற பிரியா கிருஷ்ணசாமியின் 'பாரம்' இதே கொடுமையைச் சிரிப்புக்குச் சிறிதும் இடமின்றிச் சொன்ன படம். அதைப் பார்த்தவருக்குக் கோபம் வந்திருக்கும், வரவும் வேண்டும்.

கருப்புதுரையோ பிரியாணி தின்னப் போகிறார். ஆட்டுக்கறிப் பிரியாணியின்மீது அவருக்கு அப்படியொரு மோகம். வழியில் கோயிலை அண்டி வளரும் குட்டி என்ற அநாதைச் சிறுவன் அவருக்கு வாய்க்கிறான். கிழவருடைய மனத்தில் பாக்கியிருக்கும் ஆசைகளை ஒவ்வொன்றாகக் கேட்டுப் பட்டியல் போட்டு, அவற்றை நிறைவேற்ற அவரை ஊர் ஊராக அழைத்துக்கொண்டு போகிறான். புல்லட் வண்டியில் ஏறிப் போகவேண்டும், இளமையில் நேசித்த பெண்ணை ஒருமுறை கண்ணாரக் காணவேண்டும் என்பன போன்ற சின்னஞ்சிறு ஆசைகளே அவை. ஆயினும் அத்தனை பிள்ளைகளைப் பெற்ற அந்த மனிதரிடம், உமக்கு என்ன வேண்டும் என்று அதுவரை ஒரு ஜீவனும் கேட்டதில்லை.

தனிமை என்றால் ஆளரவமற்ற வீட்டையே நாம் நினைக்கிறோம். பேரன் பேத்திகள் ஓடியாடும் வீட்டின் திண்ணையிலே, கயிற்றுக் கட்டிலின் தலைமாட்டில் மருந்துப் பொட்டலமும் எவர்சில்வர் செம்பும் வைத்துக்கொண்டு படுத்திருக்கும் பெரியவரைச் சற்றுக் கவனித்தால் வேறொரு தனிமை புலப்படும். "மாத்திரை போட்டாச்சா?", "வெளிக்குப் போனீங்களா?" என்று நாள் முழுவதும் அவரைக் கேட்கிறார்கள், சிரத்தையோடுதான் கேட்கிறார்கள். மீன்குழம்புக்கு இன்று என்ன மீன் வாங்கலாம் என்று மட்டும் ஒருவரும் கேட்பதில்லை. அவருடைய உடம்பு வீட்டாரின் பொறுப்பாகிவிட்டது. அவருடைய விருப்பம் என்று ஒன்று இருப்பதே மறந்துபோயிற்று. பெற்றோரைக் கைவிட்ட பிள்ளைகளிடமிருந்து ஜீவனாம்சம் பெறுவதற்கு 2007-ஆம் ஆண்டுச் சட்டம் வழி செய்திருக்கிறது. மிகவும் அவசியமான சட்டந்தான். ஆனால் கருப்புதுரையின் பசிக்கு மாதப்படி போதாது.

குட்டி அவரைப் பரிதாபத்துக்குரியவராக நடத்துவதே இல்லை. வயசுக்கு அஞ்சாமல் எதிர்த்துப் பேசுகிறான், சண்டை பிடிக்கிறான், கோபித்துக்கொள்கிறான். சமமாக நின்று சண்டை போட ஓர் ஆள் கிடைத்ததிலேயே கிழவருக்குப் பாதி ஆயுள் திரும்பிவிடுகிறது. கருப்புதுரையாக நடித்திருக்கும், மதுரையில் நிஜ நாடக இயக்கத்தைத் தோற்றுவித்த மு. ராமசாமி, அந்தத் திரும்புதலை முதலில் கண்களில், பிறகு நடையில், கடைசியில் குரலில் என்று படிப்படியாகக் கொண்டுவருகிறார். மேடையில் பல்லாண்டு பழகிய உடம்புக்கே அது சாத்தியம். குட்டியாக நடித்த நாக விஷாலுக்குச் சிறந்த குழந்தை நட்சத்திரத்துக்கான தேசிய விருது கிடைத்தது முற்றும் நியாயமே.

கிழவரைத் தேடிப்பிடிக்கக் குடும்பத்தார் ஆள் அனுப்பும் பகுதி எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை. அதைச் சுருக்கி, சிறுவனுடைய படிப்பை முன்னிட்டு இருவரும் பிரிய நேரும் கட்டத்துக்கு இன்னும் சற்று அவகாசம் கொடுத்திருக்கலாம். போகாதே என்று சொல்லும் ஆசையும் அந்தக் கிழவருக்கு இருந்திருக்கும். அதை மாத்திரம் அவர் பட்டியலில் சேர்க்கவில்லை.