பாதி மனிதன் உண்டா?

தாய்லாந்தில் அந்நிய நாட்டாருக்கும் உள்நாட்டாருக்கும் பிறந்த பிள்ளையை "லூக் க்ருங்" என்கிறார்கள்; பாதிப் பிள்ளை என்று பொருள். ஜப்பானில் "ஹாஃபு" என்கிறார்கள். பாதி என்பதற்கான இங்கிலீஷ் வார்த்தையின் திரிபு அது. ஆகவே, ஜப்பானியருக்கும் தாய்லாந்துக்காரருக்கும் பிறந்த பிள்ளை அங்கே போனாலும் பாதி, இங்கே வந்தாலும் பாதி! கணக்குத் தெரிந்தவர்களைக் கேட்கின்றோம்: இரண்டு பாதி சேர்ந்தால் ஒன்று ஆகாதா? இரண்டு பாஷையும் இரண்டு நாட்டுப் பழக்கமும் அறிந்த ஒருவன் எந்த விதத்தில் மற்றவனுக்குக் குறைந்தவன்?

கலப்பற்ற இரத்தம் என்று பெருமை பேசுகிறவர்கள் சற்று சரித்திரத்தைப் பார்க்கட்டும். 17-ம் நூற்றாண்டிலேயே அயூத்தியா நகரில் ஜப்பானியர் குடியிருப்பு இருந்தது. அதன் தலைவரான யமடா நாகமசா, அந்நாட்டு அரசனிடம் உத்தியோகம் பார்த்து, 1630-ல் அந்த மண்ணிலேயே மாண்டார். பின்னர் அதே நகரில் வாழ்ந்த மரியா கியோமார் என்னும் அம்மையார் ஜப்பானிய, போர்த்துகீசிய, வங்காள வம்சங்களின் கலப்பு. இன்று தாய்லாந்தார் தங்கள் புராதனப் பலகாரமென்று கொண்டாடும் "ஃபோய் தோங்" என்ற முட்டை இனிப்பை அங்கே பரப்பியவர் அவரே என்று சொல்லப்படுகின்றது. கலப்புக்காரி செய்த பலகாரம் சுத்த சுதேசியாம். கலப்பில் பிறந்த பிள்ளை மாத்திரம் பாதியாம்! இது என்ன நியாயம்?

இரத்தம் என்ற பேச்சின் யோக்கியதையைச் சட்டத்திலும் காணலாம். ஜப்பானில் 1984 முடிய, பொதுவாகத் தகப்பன் ஜப்பானியனானால்தான் பிள்ளைக்குப் பிரஜா உரிமை. ஜப்பானியப் பெண் அந்நியனை மணந்தால் அவள் பெற்ற பிள்ளை அந்நியப் பிள்ளை. 1985-ல்தான் இது மாறிற்று. பத்து மாதம் சுமந்தவளின் இரத்தம் இரத்தமல்லவா? ஆகவே, காப்பாற்றப்பட்டது இரத்தமல்ல, ஆண்பிள்ளையின் எஜமானத்தனமே என்கின்றோம்.

கலை உலகமாவது யோக்கியமாக இருக்கின்றதா? யுத்த காலத்து ஜப்பானிய அதிகாரிக்கும் பாங்காக் பெண்ணுக்கும் ஏற்பட்ட காதலைச் சொல்லும் "கூ கம்" என்ற தொம்மயந்தியின் நாவல், தாய்லாந்தில் பல தடவை படமாகியிருக்கின்றது, 2013-லும் வந்தது. கொட்டகையில் அந்தக் காதலுக்காகக் கண்ணீர் விடுகிறவர்கள், வெளியே வந்ததும் அப்படிப்பட்ட காதலில் பிறந்த பிள்ளையைப் பாதி என்பானேன்?

2019-ல் ஜப்பானின் நிஸ்ஸின் என்ற நூடுல்ஸ் கம்பெனி, ஹைத்தித் தகப்பனுக்கும் ஜப்பானியத் தாய்க்கும் பிறந்த டென்னிஸ் வீராங்கனை நவோமி ஒசாகாவை விளம்பரச் சித்திரத்தில் வெள்ளைத் தோலாகக் காட்டிற்று. கண்டனம் எழுந்தபின் மன்னிப்புக் கேட்டு எடுத்துவிட்டது. கம்ப்யூட்டரில் வர்ணத்துக்குப் பஞ்சமா? மாநிறத்தை வைப்பதும் வெள்ளையை வைப்பதும் ஒரே விரலசைவுதான். பஞ்சம் புத்தியில்தான்.

ஆகவே, இன்று கம்ப்யூட்டரில் சித்திரம் எழுதும் கலப்புக் குடும்பத்து வாலிபர்களுக்கும் பெண்களுக்கும் நாம் சொல்லுவது இதுதான்: உங்கள் முகத்தை இன்னொருவன் எழுதும்வரை காத்திராதீர்கள். கண்ணாடியில் தெரிகிற நிறத்திலேயே, தெரிகிற கண்ணோடும் மூக்கோடும் நீங்களே எழுதுங்கள். யாராவது "எந்தப் பாதி உன்னுடையது?" என்று கேட்டால், "முழுதும் என்னுடையது" என்று சொல்லுங்கள். மனிதனில் பாதி மனிதன் கிடையாது; பாதி அறிவுதான் உண்டு.