அப்பாயியும் ஆடலாம்

வீடியோ விளையாட்டு என்ற சொல்லைக் கேட்டதுமே பெரியோர்கள் முகம் சுளிக்கிறார்கள். கண் கெடும், படிப்புக் கெடும், மனம் முரடாகும் என்கிறார்கள். பத்தாம் வகுப்பில் இருக்கும் நாங்கள் இதை நாள்தோறும் கேட்டு வருகிறோம். அதில் உண்மை இல்லாமல் இல்லை. ஆயினும் எல்லா விளையாட்டுகளையும் ஒரே தராசில் நிறுப்பது முறையாகுமா?

'லெகோ ஸ்டார் வார்ஸ்' 2005ஆம் ஆண்டில் வெளிவந்தது. அப்போது நாங்கள் பிறக்கவேயில்லை. டென்மார்க் நாட்டு லெகோ கட்டைகளால் ஆன பொம்மை மனிதர்கள், திரைப்படத்தில் வரும் விண்வெளிப் போரை வேடிக்கையாக நடித்துக் காட்டுவார்கள். உருவாக்கியது இங்கிலாந்தின் டிராவலர்ஸ் டேல்ஸ் நிறுவனம். இத்தனை ஆண்டுகளாகியும் அதன்மேல் ஆசை குறையாதது ஏன்?

எங்களுள் ஒருத்தியின் வீடு திருவையாற்றை அடுத்த சிற்றூரில் உள்ளது. ஐப்பசி அடைமழையில் சம்பாப் பயிர் மூழ்கிக் கிடக்க, வீட்டில் யாரும் யாருடனும் பேசாதிருந்த ஒரு நாள். அவள் தம்பி மட்டும் இதை ஆடிக்கொண்டிருந்தான். பார்த்துக்கொண்டிருந்த அப்பாயி, "அந்த இன்னொரு பொம்மைக்கு ஆளு இல்லையாடா?" என்று கேட்டார். ஆட்டத்தின் நடுவிலேயே இரண்டாமவர் சேரலாம், விலகலாம். அப்பாயி சேர்ந்தார். அடிபட்டுக் கட்டை கட்டையாகச் சிதறினார். சேர்த்த காசில் கொஞ்சம் போயிற்று. மறுநொடியே முழு உருவாக எழுந்து நின்றார். "நம்ம தலையாட்டிப் பொம்மையாட்டமுல்ல இருக்கு!" என்று சிரித்தாராம். அன்று அந்த வீட்டில் கேட்ட முதல் சிரிப்பு அதுதான்.

அப்பாயி சொன்னது சரியே. தஞ்சைப் பொம்மைக்கு அடியில் உருண்டையான களிமண் கனம். எப்படித் தள்ளினாலும் நிமிரும். பல்லாங்குழியிலோ ஒருவர் தோற்றே ஆகவேண்டும். பேரனுக்காகப் பாட்டி வேண்டுமென்றே தோற்பதும் உண்டு. இதில் இருவரும் ஒரே கட்சி, விட்டுக்கொடுக்க வேண்டியதில்லை.

அன்றியும், தொடக்க கால ஆட்டங்களில் பொம்மைகள் பேசமாட்டா, முனகலும் சைகையுந்தான். ஆங்கிலம் அறியாதவருக்கு இது எவ்வளவு வசதி! 2012இல் வந்த 'லெகோ பேட்மேன் 2' முதல் வாய் திறந்துவிட்டன. 2022இல் வந்த 'ஸ்கைவாக்கர் சாகா' ஒன்பது படங்களையும் உள்ளடக்கியது. பார்க்க மிக அழகு. ஆனால் சேகரிக்க வேண்டியவை மலைபோல் குவிந்து, எங்களுக்கு வீட்டுப்பாடம் போலத் தோன்றுகிறது. அதிலும் பேச்சை முனகலாக மாற்றும் வசதி வைத்திருக்கிறார்கள். பழையதை விரும்புவோர் எங்களைத் தவிரவும் உளர் போலும்!

பொதுத்தேர்வு முடியும்வரை அந்தத் தோழியின் வீட்டில் விளையாட்டுக்குத் தடை. அவள் முறையிடவில்லை. அப்பாயிதான் நாள் எண்ணிக்கொண்டிருக்கிறார்.