400 படம் நடிச்சவருக்கு பி.எஃப் உண்டா? டெல்லி கணேஷ் வாழ்க்கை கேட்கும் கேள்வி!

சோழவரத்துல ஷிஃப்ட் பஸ் ஏறி, கும்மிடிப்பூண்டி சிப்காட் போய்ச் சேர்றதுக்குள்ள எத்தனை காமெடி ரீல்ஸ் பார்க்குறீங்க? அதுல 'மைக்கேல் மதன காமராஜன்' சாம்பார்ல மீன் விழற சீன் ஒருமுறையாவது வந்திருக்கும். அதுல கமலுக்குச் சமமா சிரிக்க வைக்கிற பாலக்காடு மணி ஐயர்தான் டெல்லி கணேஷ். 2024 நவம்பர் 9-ம் தேதி, 80 வயசுல காலமானார்.

உங்க ஊர்ப் பழைய விமான ஓடுதளத்துல ஒருகாலத்துல கார், பைக் ரேஸ் நடந்தது தெரியும்தானே? கப் வாங்கினவர் பேர் பேப்பர்ல வரும். வீல் மாட்டினவர் பேர் வராது. ஆனா அவர் இல்லாம வண்டி நகராது. சினிமாவுல அந்த வேலையைச் செய்றவர்தான் குணச்சித்திர நடிகர்.

யூனிஃபார்மைக் கழற்றியவர்

வல்லநாட்டுல பிறந்த கணேஷ், 1964-ல இருந்து 1974 வரை இந்திய விமானப்படையில வேலை பார்த்தார். டெல்லியில தட்சிண பாரத நாடக சபா மேடையில நடிச்சதுதான் ஆரம்பம். மாசம் பொறந்தா சம்பளம் வர்ற மத்திய அரசு வேலையை விட்டுட்டு நடிக்கிறதுன்னா, இன்னைக்கும் உங்க வீட்டுல எவ்வளவு சத்தம் வரும்னு யோசிங்க!

'பட்டினப் பிரவேசம்' படத்துல (1977) அவரை அறிமுகப்படுத்தின கே.பாலசந்தர்தான் 'டெல்லி கணேஷ்'னு பேரும் வச்சார். 1979-ல வந்த 'பசி'யில ரிக்‌ஷா தொழிலாளியா நடிச்சதுக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைச்சது. 'நாயகன்'ல விசுவாசமான ஐயர், 'அபூர்வ சகோதரர்கள்'ல வில்லன். ரெண்டுக்கும் நடுவுல ரெண்டே வருஷம்தான். 400 படங்களுக்கு மேல நடிச்சவர், சீரியல், குறும்படம்னு எதையும் ஒதுக்கல. கடைசி வருஷத்துல வெளியான 'இந்தியன் 2' வரைக்கும் திரையில இருந்தார்.

சம்பளச் சீட்டு எங்கே?

அவர் கடைசிவரை வேலையில இருந்தார், சரி. வாய்ப்பு நின்னுபோன மத்தவங்க நிலைமை என்ன? ஆஸ்பத்திரி செலவுக்கு உதவி கேட்டு மூத்த துணை நடிகர்களோட வீடியோக்கள் உங்க போனுக்கும் வந்திருக்குமே!

உங்க பே-ஸ்லிப்பை எடுத்துப் பாருங்க. பி.எஃப் பிடித்தம் இருக்கும். சம்பள வரம்புக்குள்ள இருந்தா இ.எஸ்.ஐ-யும் இருக்கும். துணை நடிகருக்குக் கணக்கு வேற: எத்தனை நாள் கால்ஷீட்டோ அத்தனை நாள் பேட்டா. ஷூட்டிங் தள்ளிப்போனா வருமானமும் தள்ளிப்போகும்.

சட்டமே இல்லையான்னு கேட்டா, இருக்கு. 1981-லயே சினிமா தொழிலாளர் சட்டம் வந்தது. குறிப்பிட்ட சம்பள வரம்புக்குள்ள வந்த நடிகரும் அதுல தொழிலாளராத்தான் இருந்தார். எழுத்துபூர்வ ஒப்பந்தம் போடணும்னு அது சொல்லுச்சு, பி.எஃப்-க்கும் வழி வச்சிருந்துச்சு. 2025 நவம்பர் 21-ல அமலுக்கு வந்த புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்பும் நடிகர்களை 'ஆடியோ விஷுவல் தொழிலாளர்' பட்டியல்ல சேர்த்திருக்கு. பிரச்னை எங்கன்னா, இது ஒரே கம்பெனி, ஒரே கேட் இருக்கிற தொழில் இல்ல. ஒவ்வொரு படத்துக்கும் ஒரு முதலாளி. வாய்வழிப் பேச்சுல முடியற வேலைக்கு யார் பி.எஃப் கட்டுவாங்க? கேட்டா அடுத்த படத்துல கூப்பிட மாட்டாங்களோங்கிற பயம் வேற.

ஹாலிவுட் நடிகர்கள் 2023-ல 118 நாள் ஸ்ட்ரைக் பண்ணாங்க. அங்க தயாரிப்பாளர்களே நடிகர்களோட ஓய்வூதிய, மருத்துவ நிதிக்குப் பணம் கட்டணும். அங்கயும் வருமான வரம்பைத் தொடாதவங்களுக்கு மருத்துவக் காப்பீடு இல்ல. ஆனா விதின்னு ஒண்ணு எழுத்துல இருக்கு, அதுக்காகச் சண்டை போட சங்கமும் இருக்கு.

நீங்க என்ன பண்ணலாம்?

சிப்காட் கான்ட்ராக்ட் வேலையில இருக்கிற உங்களுக்கு இந்தக் கதை புதுசில்ல. லைன்ல நிக்கிறவருக்கும் செட்ல நிக்கிறவருக்கும் கேள்வி ஒண்ணுதான்: 'நாளைக்கு உடம்பு முடியலைன்னா யார் பொறுப்பு?'

வார லீவுல ஆடிஷனுக்குப் போறீங்களா? சூப்பர், போங்க. நடிக்கக் கூப்பிட்டா எத்தனை நாள், எவ்வளவு சம்பளம், எப்போ தருவாங்கன்னு எழுதி வாங்குங்க. குறைஞ்சபட்சம் வாட்ஸ்அப்லயாவது! இருக்கிற வேலையை விட்டீங்கன்னா பி.எஃப் பணத்தை உடனே எடுத்துச் செலவழிக்காதீங்க.

டெல்லி கணேஷுக்கு ரீல்ஸ் போட்டு 'மிஸ் யூ' சொல்றது நல்ல விஷயம்தான். அப்படியே, இன்னைக்கு நடிச்சுட்டு இருக்கிற அடுத்த மணி ஐயருக்கு சம்பளச் சீட்டு இருக்கான்னும் கேளுங்க மக்களே!