படக்காரரின் மனக்காயத்துக்கு யார் பொறுப்பு?

ஆவடிக்குப் போர் தூரத்துச் செய்தி அல்ல. விஜயந்தா முதல் அர்ஜுன் வரை ராணுவ டாங்கிகள் இங்குள்ள கனரக வாகனத் தொழிற்சாலையில் உருவானவை. அம்பத்தூர், பூந்தமல்லித் தெருக்களிலும் முன்னாள் படைவீரர் குடும்பங்கள் உண்டு. அந்த வீரர்களுக்கு 2003 முதல் தனி மருத்துவத் திட்டம் இருக்கிறது. அதே களத்துக்குக் கேமராவோடு போய்த் திரும்புகிறவருக்கு? மறுநாள் காலை அடுத்த அசைன்மென்ட்தான்.

தென்னாப்பிரிக்கப் புகைப்படக்காரர் கெவின் கார்ட்டர் 1993இல் சூடான் பஞ்சத்தில் எடுத்த படத்தில், சுருண்டு கிடக்கும் குழந்தைக்குப் பின்னால் ஒரு பிணந்தின்னிக் கழுகு உட்கார்ந்திருக்கும். 1994 ஏப்ரலில் அதற்குப் புலிட்சர் பரிசு. அதே மாதம் அவருடைய நண்பர் கென் ஊஸ்டர்புரூக் களத்தில் சுடப்பட்டு இறந்தார். ஜூலையில் கார்ட்டர் உயிரை மாய்த்துக்கொண்டார். வயது 33.

நம் பக்கத்துக் களமும் உண்டு. 2001இல் இலங்கையின் வன்னிக்குள் போய்த் திரும்பும்போது இடது கண் பார்வையை இழந்த செய்தியாளர் மேரி கொல்வின், பின்னர் மனக்காயத்துக்கும் சிகிச்சை பெற வேண்டியிருந்தது.

மனநல மருத்துவர் அந்தோணி ஃபைன்ஸ்டைன் 140 போர்ச் செய்தியாளர்களை ஆராய்ந்து 2002இல் வெளியிட்ட முடிவின்படி, நூற்றுக்கு 28 பேருக்கு மேல் வாழ்நாளில் ஒரு கட்டத்தில் இந்த மனக்காயத்துக்கு ஆளானவர்கள். தூக்கம் கெடும். தீபாவளி வெடிச்சத்தத்துக்கு உடம்பு தூக்கிப்போடும். பெற்ற பிள்ளையோடுகூட ஒட்ட முடியாது. குடிப்பழக்கம் என்று ஊர் பேசிவிட்டுப் போய்விடும்.

போருக்குப் போனால்தான் இது என்றில்லை. 2004 ஜூலையில் கும்பகோணம் பள்ளித் தீ, 94 குழந்தைகள். டிசம்பரில் சுனாமி. டெல்டா மாவட்டப் படக்காரர்கள் ஆறு மாதத்துக்குள் இரண்டையும் பார்த்தார்கள். 'விரும்பித்தானே போனார்கள்' என்று தள்ளிவிடுவது அநியாயம். அந்தப் படங்களை முதல் பக்கத்தில் போட்டு விற்ற நிறுவனங்களுக்குக் கடமை இல்லையா?

பத்திரிகையாளர் நல வாரியம் இதைக் கையில் எடுக்க வேண்டும். போர், கலவரம், பேரிடர் பார்த்துத் திரும்புகிறவருக்குச் சம்பளத்தோடு ஓய்வும் மனநல ஆலோசனையும் கட்டாயமாக்கப்பட வேண்டும். மனநோய்க்கும் காப்பீடு தர வேண்டும் என்று 2017ஆம் ஆண்டு மனநலப் பாதுகாப்புச் சட்டம் சொல்கிறது. நிறுவனங்கள் எடுக்கும் பாலிசியில் அது இருக்கிறதா என்று வாரியம் பார்க்கட்டும். படத்துக்கு இவ்வளவு என்று கூலி வாங்கும் பகுதிநேரப் படக்காரர்களையும் சேர்க்காவிட்டால் இந்த ஏற்பாடு பாதிக்கிணறுதான்.

இன்னொன்று, சிகிச்சைக்குப் போகிறவரின் பெயர் அவருடைய அலுவலகத்துக்குத் தெரியவே கூடாது. தெரிந்தால் அடுத்த வேலை கிடைக்காது என்ற பயத்திலேயே பலர் வாய் திறக்க மாட்டார்கள்.