பள்ளிக் கணினியில் ஓர் ஏவுதளம்

மைசூருவிலிருந்து கிருஷ்ணராஜ சாகர் அணைக்குப் போகிறவர்கள் பிருந்தாவன் தோட்டத்து நீரூற்றுகளையும் வண்ண விளக்குகளையும் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். அதே ஊரில் கர்நாடகப் பொறியியல் ஆராய்ச்சி நிலையம் இயங்குவது பலருக்குத் தெரியாது. எங்கோ கட்டப்போகும் அணையின் மதகையும் உபரிநீர்ப் போக்கியையும் அங்கே சிறிய அளவில் மாதிரியாகக் கட்டி, தண்ணீரைத் திறந்துவிட்டுப் பார்க்கிறார்கள். எங்கே சுழல் எழுகிறது, எங்கே அடிமண் அரிக்கப்படுகிறது என்பதெல்லாம் மாதிரியிலேயே தெரிந்துவிடும். மாதிரி உடைந்தால் மறுபடி கட்டிக்கொள்ளலாம். அணை உடைந்தால் ஊர் போய்விடும்.

பொறியாளருக்குத் தவறு செய்து பார்க்க ஓர் இடம் வேண்டும் என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை. ஆனால் பொறியாளராகப் போகிற பிள்ளைகளுக்கு அந்த இடம் கிடைப்பதில்லை. பதினொன்றாம் வகுப்பில் நியூட்டன் விதிகளை ஒப்பிக்கிறார்கள், பன்னிரண்டாம் வகுப்பில் நுழைவுத் தேர்வுக்காக ஆயிரக்கணக்கான கணக்குகளைப் போடுகிறார்கள், தாங்களாக ஒரு பொருளைக் கட்டி அது சரிந்து விழுவதை மட்டும் ஒருமுறைகூடப் பார்ப்பதில்லை. இத்தனைக்கும் அதற்கான வசதி பள்ளியின் கணினி அறையில் இருக்கிறது. பல வீடுகளில் படிப்பு மேசை மேலேயே இருக்கிறது. பொறியியல் சார்ந்த சாண்ட்பாக்ஸ் விளையாட்டு ஒன்றை அதில் முறையாக நிறுவ வழி செய்வதுதான் பாக்கி. இதைச் செய்யும்படி பள்ளிகளையும் பெற்றோரையும் வற்புறுத்த வேண்டிய நேரம் இது.

சாண்ட்பாக்ஸ் விளையாட்டில் சுடுவதற்கு எதிரி இல்லை. இதைத்தான் முடிக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. பாகங்களும் இயற்பியல் விதிகளும் தரப்படும். என்ன கட்டுவது என்பது ஆடுபவர் விருப்பம். இந்த வகையில் மிகவும் பேர் பெற்றது 'கெர்பல் ஸ்பேஸ் புரோகிராம்'. மெக்சிகோ நகரில் விளம்பரத் தொழிலில் இருந்த ஸ்குவாட் என்ற நிறுவனத்தில் வேலை பார்த்த ஃபெலிப்பே ஃபலாங்கே இதை உருவாக்கினார். சிறு வயதில் வாண வெடிகளில் தகரத்தாள் பொம்மைகளை ஏற்றிப் பறக்கவிட்ட பிரேசில்காரர் அவர். அந்தப் பொம்மைகளுக்கு அவர் வைத்த பெயர்தான் கெர்பல். 2011 ஜூனில் முதல் பொதுப் பதிப்பும் 2015 ஏப்ரலில் முழுப் பதிப்பும் வந்தன. எரிபொருள் கலம், எஞ்சின், இணைப்பு, இறக்கை என்று ஒவ்வொன்றாகப் பொருத்தி ராக்கெட் செய்து ஏவ வேண்டும். அமெரிக்காவின் நாசாவும் ஐரோப்பிய விண்வெளி முகமையும் தங்கள் திட்டங்களை இதில் சேர்க்க முன்வந்தன. ஐரோப்பிய முகமையின் ரோசெட்டா, பெபிகொலம்போ விண்கலங்களை ஒட்டிய பயணங்கள் 2020-இல் இதில் இடம்பெற்றன.

முதன்முதலில் கட்டும் ராக்கெட் அநேகமாகக் கவிழும். ஏவுதளத்தை விட்டு எழும்பி, சிறிது உயரம் போய், தலைகீழாகப் புரண்டு தரையில் மோதும். ஏன் என்று கேட்கும் பிள்ளைக்கு, கட்டுமானத் திரையிலேயே பதில் உண்டு. அங்கே பொத்தானை அழுத்தினால் நிறை மையம் மஞ்சள் உருண்டையாகவும், காற்று தாங்கும் மையம் நீல உருண்டையாகவும் தெரியும். நீல உருண்டை மேலே இருந்தால் காற்று தலையைப் பிடித்துத் திருப்பிவிடும். வால் பகுதியில் நான்கு இறக்கைகளை வைத்தால் நீலம் கீழே இறங்கும், ராக்கெட் நேராகப் போகும்.

இந்தப் பாடத்தை மைசூரு இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே கற்றிருந்தது. ஹைதர் அலி, திப்பு சுல்தான் படைகளின் ராக்கெட்டில் இரும்புக் குழாயோடு நீண்ட மூங்கில் கழி கட்டப்பட்டிருக்கும். பாயும் குழாயின் பின்னே வாலாக நீண்டு, அது திசை பிசகாமல் பார்த்துக்கொண்டது அந்தக் கழிதான். காகிதக் குழாயைவிட இரும்பு அதிக அழுத்தம் தாங்கும் என்பதால் வீச்சும் கூடியது. 1780-இல் காஞ்சிபுரத்துக்கு அருகே புள்ளலூரில் கர்னல் பெய்லியின் படை இந்த ராக்கெட்டுகளைச் சந்தித்துத் தோற்றது. 1799-இல் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்தபின் கைப்பற்றப்பட்ட ராக்கெட்டுகள் இங்கிலாந்தின் உல்விச் ஆயுதச் சாலைக்குப் போயின. வில்லியம் காங்கிரீவ் தன் ராக்கெட்டை உருவாக்க அவை வழிகாட்டின. 2018-இல் சிவமொக்கா மாவட்டம் நகரா ஊரின் வறண்ட கிணறு ஒன்றிலிருந்து ஆயிரத்துக்கும் மேற்பட்ட ராக்கெட் குழாய்கள் வெளியே எடுக்கப்பட்டன. மைசூருவிலிருந்து அரை மணி நேரத்தில் ஸ்ரீரங்கப்பட்டணத்துக்குப் பள்ளிச் சுற்றுலா போகிற மாணவர்களுக்கு ஆண்டுகளும் போர்களும் சொல்லப்படுகின்றன. மூங்கில் எதற்கு என்பதும் சொல்லப்பட வேண்டும். திரையில் தன் ராக்கெட் கவிழ்வதைப் பார்த்த பிள்ளைக்கு அதை விளக்க ஒரு நிமிடம் போதும்.

அடுத்த பாடம் இன்னும் ஆழமானது. உயரே போக வேண்டுமென்று எரிபொருளைக் கூட்டினால் எடையும் கூடுகிறது. கூடிய எடையைத் தூக்க மேலும் எரிபொருள் வேண்டும். ரஷ்யாவின் சியோல்கோவ்ஸ்கி 1903-இல் வெளியிட்ட, மடக்கை கொண்ட சமன்பாடு சொல்வது இதைத்தான். மடக்கை எதற்குப் படிக்கிறோம் என்று கேட்டுக் களைத்த மாணவருக்கு அதன் பயன் இங்கே கண்ணெதிரே நிற்கிறது. விளையாட்டிலுள்ள கெர்பின் கோளின் ஆரம் 600 கிலோமீட்டர், பூமியில் ஏறத்தாழ பத்தில் ஒரு பங்கு. அதனால் சுற்றுப்பாதையை எட்ட நொடிக்கு சுமார் 3,400 மீட்டர் திசைவேக மாற்றம் போதும். பூமியில் ஏறத்தாழ 9,400 மீட்டர் வேண்டும். இந்த இரண்டு எண்களையும் கரும்பலகையில் எழுதி, பி.எஸ்.எல்.வி. ஏன் நான்கு அடுக்குகளோடு பறக்கிறது என்று வகுப்பில் கேட்டுப் பார்க்கலாம்.

எரிபொருளைச் சிக்கனமாகச் செலவிடுவதற்குச் சந்திரயான்-3 நல்ல உதாரணம். 1969-இல் அப்போலோ 11 புறப்பட்ட நான்காம் நாள் நிலவில் இறங்கியது. விழுப்புரத்தைச் சேர்ந்த வீரமுத்துவேல் திட்ட இயக்குநராக இருந்த சந்திரயான்-3, 2023 ஜூலை 14 அன்று புறப்பட்டு ஆகஸ்ட் 23 அன்று இறங்கியது. நாற்பது நாள் ஏன்? பெரிய ராக்கெட்டால் ஒரே வீச்சில் நிலவை நோக்கி எறியாமல், பூமிக்கு மிக அருகே வரும்போதெல்லாம் எஞ்சினைச் சிறிது நேரம் இயக்கிச் சுற்றுப்பாதையைப் படிப்படியாக நீட்டினார்கள். அந்த இடத்தில் வேகம் உச்சத்தில் இருப்பதால் அதே எரிபொருளுக்குப் பலன் அதிகம். சிறிய எஞ்சினோடு கெர்பினைச் சுற்றிக்கொண்டிருக்கும் மாணவர், தானாகவே இந்த உத்தியைக் கண்டுபிடிக்கிற தருணம் உண்டு. செய்தித்தாளில் வந்த வட்டப் படங்கள் அதற்குப் பிறகு அவருக்குப் புரியும்.

இனி நிறுவும் வேலை. இதைப் பெரியவர்கள் செய்து முடித்துவிட்டுப் பிள்ளையை உட்கார வைக்கக் கூடாது. நிறுவுவதே பாதிப் படிப்பு. கணினி 64 பிட்டா, ராம் எவ்வளவு, கிராபிக்ஸ் எது என்று பிள்ளையே பார்த்துக் குறித்துக்கொள்ளட்டும். இந்த விளையாட்டுக்கு 4 ஜி.பி. ராம் இருந்தால் ஓடும். 8 இருந்தால் நிம்மதியாக ஓடும். அலுவலகங்கள் கழித்துவிடும் ஐ5 கணினிகூடப் போதும், பழைய ஹார்ட் டிஸ்க்கை மாற்றி எஸ்.எஸ்.டி. போட்டால் திறக்கும் நேரம் வெகுவாகக் குறையும். லேப்டாப்பில் இரண்டு கிராபிக்ஸ் இருந்தால், விண்டோஸ் செட்டிங்ஸில் இந்த விளையாட்டுக்கு வலுவானதைத் தேர்ந்து கொடுக்க வேண்டும். பலரும் இதைச் செய்யாமல் கணினி மெதுவாக இருக்கிறது என்று நொந்துகொள்கிறார்கள். 'புரோகிராம் ஃபைல்ஸ்' கோப்புறைக்குள் வைத்தால் எழுதும் அனுமதியில் சிக்கல் வரும், வேறு டிரைவில் தனிக் கோப்புறை நல்லது.

உள்ளே போனதும் பார்க்க வேண்டியது பறக்கும் நேரத்தைக் காட்டும் கடிகாரம். பச்சையாக இருந்தால் கணினி ஈடுகொடுக்கிறது. மஞ்சளானால் மூச்சு வாங்குகிறது, சிவப்பானால் திணறுகிறது. ராக்கெட்டின் ஒவ்வொரு இணைப்பிலும் எவ்வளவு விசை விழுகிறது என்பதைக் கணினி இடைவிடாமல் கணக்கிடுகிறது. பாகங்கள் கூடக் கூடச் சுமை ஏறும். படத் தரத்தைக் குறைத்தால் கிராபிக்ஸுக்குத்தான் ஓய்வு. சிவப்பை மாற்ற பாகங்களைத்தான் குறைக்க வேண்டும். நூற்றைம்பது பாகத்தில் செய்ததை அறுபதில் செய்ய முடியுமா என்று யோசிக்கத் தொடங்கும் பிள்ளை, எளிமையான வடிவமைப்பின் மதிப்பை யாரும் சொல்லாமலே அறிகிறது.

சேமிப்பும் அவரவர் பொறுப்பு. ஆட்டங்கள் 'சேவ்ஸ்' கோப்புறையிலும், கூடுதல் பாகங்களான மோட்கள் 'கேம்டேட்டா' கோப்புறையிலும் இருக்கும். மோட் போடுவதற்கு முன்னால் இரண்டையும் பென் டிரைவில் நகலெடுத்து வைக்கும் பழக்கம், பின்னாளில் எந்த அலுவலகத்திலும் கைகொடுக்கும். கரண்ட் போகும் ஊர்களில் எஃப்5 விசையை அடிக்கடி அழுத்த வேண்டும். அது அந்த நிலையைச் சேமிக்கும், எஃப்9 அங்கேயே திரும்பக் கொண்டுவிடும். 2023 தொடக்கத்தில் வந்த 1.12.5 இதன் கடைசிப் பதிப்பு. வளர்ச்சி நின்றுவிட்டதே என்று வருந்த வேண்டாம். வாரந்தோறும் அப்டேட் கேட்டு இணையத்தைத் தின்னாத, இன்னும் சில ஆண்டுகளுக்கு அதே கணினியில் அப்படியே ஓடுகிற மென்பொருள் பள்ளிக்கு வரம். இரண்டாம் பாகத்தை வாங்க வேண்டாம்: 2023 பிப்ரவரியில் அரைகுறையாக வந்தது, தொடக்கத்திலேயே விலை உயர்ந்த கிராபிக்ஸ் கார்டைக் கேட்டது, 2024-இல் அதன் வேலையே நின்றுபோனது.

கிராக் செய்த பிரதிகள் பென் டிரைவில் கைமாறுவது எல்லா ஊரிலும் நடக்கிறது. வைரஸ் வரும் என்பது ஒருபுறம். பிறர் உழைப்பைத் திருடுவதில் தொடங்கும் பொறியியல் கல்வி எங்கே போய் முடியும் என்பது மறுபுறம். ஒரே பிரதியை முப்பது கணினிகளில் போடுவதும் சரியல்ல. கையில் காசில்லாத பள்ளி தயங்கத் தேவையில்லை, இலவசமாகவே நல்லவை இருக்கின்றன. ஸ்வீடனின் ஊமியோ பல்கலைக்கழக மாணவர் ஒருவரின் ஆய்வேட்டிலிருந்து வளர்ந்த 'அல்கோடூ' பழைய கணினியிலும் ஓடும். நெம்புகோல், பல்சக்கரம், பாயும் நீர், ஒளிவிலகல் எல்லாவற்றையும் வரைந்தே செய்து பார்க்கலாம். முன்பு மைன்டெஸ்ட் என்று அழைக்கப்பட்ட 'லுவாண்டி' கட்டற்ற மென்பொருள். மார்ட்டின் ஷ்வைகர் உருவாக்கிய 'ஆர்பிட்டர்' விண்பயணப் பயிற்சிக்கு நிகரானது, அதன் மூல நிரலும் 2021 முதல் எல்லோருக்கும் திறந்திருக்கிறது.

கெர்பலின் குறையை ஆர்பிட்டர் தீர்த்துவைக்கிறது. கெர்பலில் விண்கலத்தை ஒரு நேரத்தில் ஒரே வான்பொருளின் ஈர்ப்புதான் இழுக்கும். செங்கோட்டையில் பிறந்த நிகர் ஷாஜி திட்ட இயக்குநராக இருந்த ஆதித்யா எல்-1, பூமியிலிருந்து 15 லட்சம் கிலோமீட்டர் தொலைவில், சூரியனும் பூமியும் சேர்ந்து இழுக்கும் சமநிலைப் புள்ளியைச் சுற்றுகிறது. அப்படியொரு புள்ளி கெர்பலில் இல்லவே இல்லை. இதை மாணவரிடம் ஆசிரியர் சொல்ல வேண்டும். எந்த மாதிரியும் எதையோ விட்டுவிட்டுத்தான் செய்யப்படுகிறது. எதை விட்டார்கள் என்று கேட்கத் தெரிந்தவரே நல்ல பொறியாளர். ஆசிரியர் இல்லாமல் இந்த விளையாட்டு வெறும் வாண வேடிக்கையாகிவிடும் ஆபத்தும் உண்டு.

பெற்றோரின் அச்சம் நியாயமானது. ஆன்லைன் ரம்மியில் பணத்தை இழந்து உயிரை மாய்த்துக்கொண்டவர்களின் செய்திகளைப் படித்த தமிழ்க் குடும்பங்களுக்கு விளையாட்டு என்ற பேச்சே நடுக்கம் தருகிறது. தமிழ்நாடு 2023-இல் ஆன்லைன் சூதாட்டத்தைத் தடை செய்தது, நாடாளுமன்றம் 2025-இல் பணம் வைத்து ஆடும் ஆன்லைன் விளையாட்டுகளுக்கு எதிராகச் சட்டம் கொண்டுவந்தது. இரண்டுமே தேவையானவை. ஆனால் இங்கே பேசப்படும் விளையாட்டுகளில் பந்தயப் பணம் கிடையாது. நிறுவியபின் இணையத்தைத் துண்டித்துவிட்டுத் தனியாகவே ஆடலாம், முகம் தெரியாத ஆட்கள் உள்ளே வர வழியில்லை. நேரக் கட்டுப்பாடு வேண்டும்தான். அதை வீட்டுக்கு வீடு பேசி முடிவு செய்துகொள்ளலாம்.

மைசூருவின் ஹெப்பால் பகுதியில் இன்ஃபோசிஸ் பயிற்சி வளாகம் இருக்கிறது. நான்கு ஆண்டு பொறியியல் படித்துப் பட்டம் வாங்கியவர்கள் ஆயிரக்கணக்கில் அங்கே வந்து பல மாதம் மறுபடி படிக்கிறார்கள். தமிழ்நாட்டுக் கல்லூரிகளிலிருந்து போனவர்களும் அதில் ஏராளம். பட்டத்துக்கும் வேலைக்கும் இடையிலுள்ள அந்த இடைவெளிக்குப் பல காரணங்கள் உண்டு, பள்ளி நாட்களில் எதையும் கட்டிப் பார்க்காதது அவற்றில் முக்கியமானது. நிதி ஆயோக் 2016 முதல் பிள்ளைகள் கட்டிப் பார்ப்பதற்கான அடல் டிங்கரிங் ஆய்வகங்களுக்குப் பள்ளிக்கு 20 லட்சம் ரூபாய் வரை தருகிறது. இன்னும் 50,000 அரசுப் பள்ளிகளில் அவை வரும் என்று 2025 பட்ஜெட் அறிவித்தது. முப்பரிமாண அச்சுப்பொறி வாங்கும் ஆய்வகம், அதன் பக்கத்திலுள்ள கணினியில் அல்கோடூவையும் ஆர்பிட்டரையும் நிறுவ ஒரு மதிய நேரம் ஒதுக்கினால் போதும்.

தொடக்கத்துக்கு மைசூருவிலேயே பொருத்தமான களம் உண்டு. ஒவ்வோர் ஆண்டும் தொட்டகெரே மைதானத்தில் தசரா பொருட்காட்சி நடக்கிறது, அரசுத் துறைகள் அரங்கு போடுகின்றன. பள்ளிக் கல்வித் துறை தன் அரங்கில் பத்துப் பழைய கணினிகளை வைக்கட்டும். கணினிக்கு மூன்று பிள்ளைகள்: ஒருவர் கட்ட, ஒருவர் கணக்குப் போட, ஒருவர் ஏவ. 1946-இல் தொடங்கிய என்.ஐ.இ., 1963-இல் தொடங்கிய எஸ்.ஜே.சி.இ. போன்ற பொறியியல் கல்லூரிகளின் மாணவர்கள் பக்கத்தில் நின்று, ராக்கெட் ஏன் கவிழ்ந்தது என்று கன்னடத்திலும் தமிழிலும் உருதுவிலும் விளக்கட்டும். பொருட்காட்சி முடிந்ததும் அந்தக் கணினிகளை மாவட்டத்து அரசுப் பள்ளிகளுக்கே அனுப்பிவிடலாம். நிறுவும் வேலையைப் பிள்ளைகளே அதற்குள் முடித்திருப்பார்கள்.